அவர் அம்மா வைத்த சட்னி

பிப்ரவரி 18

இது இரண்டு வருசம் முந்தின டைரி. மில்லில் வருசா வருசம் என் வீட்டுக்காரருக்கு ஒன்று கொடுப்பார்கள். அவரும் ஒரு வரி எழுதியதில்லை, எங்களையும் தொடவிட்டதில்லை. பதினாலு டைரி பீரோவில் புத்தம் புதுசாக அடுக்கி இருக்கிறது. கிழமை ஒத்துவராது. அடித்துவிட்டு எழுதுகிறேன். தாள் நல்ல தாள்.

இன்று காலை மதினி வந்தார். மதினி என்றால் அவருடைய அக்கா பேச்சியம்மாள். இரண்டு தெரு தள்ளித்தான் வீடு. முதல் வருசத் திதி மார்ச் பன்னிரண்டாம் தேதி என்று ஜோசியரிடம் கேட்டு வந்திருந்தார். படையலுக்கு என்னென்ன வேண்டும் என்று சொல்கிறேன், எழுதிக்கோ என்றார். தாள் தேடப் போய்த்தான் இந்த டைரி கையில் வந்தது.

இட்லி, உளுந்த வடை, பருப்பு, கத்தரிக்காய், பாயசம். எல்லாம் எழுதியாயிற்று. பேனாவை மூடும்போது மதினி சொன்னார்:

"அதெல்லாம் இருக்கட்டும் வடிவு. மிளகாப்பழச் சட்னி இல்லாம எலை போட்டா எந் தம்பி திரும்பிப் பாக்க மாட்டான். எங்கம்மா வைக்கிற மாதிரி வையி. இந்தத் தடவையாவது."

இந்தத் தடவையாவது!

கல்யாணம் ஆன மறுவாரத்திலிருந்து நான் எழுதிவரும் பரீட்சை இது. இருபத்தேழு வருசம். கேள்வித்தாள் போட்ட மனுசன் போய்ச் சேர்ந்துவிட்டார். எனக்கு மட்டும் அரியர் நிற்கிறது.

மாமியாரை நான் பார்த்ததே இல்லை. என் வீட்டுக்காரருக்குப் பத்தொன்பது வயதாகும்போதே இறந்துவிட்டார். கூடத்தில் படமாக இருக்கிறார், ஒல்லியாக, முகத்தைச் சுளித்துக்கொண்டு. என் சட்னியை வாயில் வைத்தபோது எடுத்த படம் என்று நானாக நினைத்துக்கொள்வேன்.

பிப்ரவரி 20

மிளகாயைப் பழமாக யாரும் விற்க மாட்டார்கள். காயவைத்து வத்தலாகத்தான் விற்பார்கள். விளாத்திகுளம் பக்கத்திலிருந்து கூடையில் கீரை கொண்டுவரும் அம்மாவிடம் சொல்லிவைத்திருந்தேன். காட்டில் பறிப்பு நடக்கிறதாம். ஒரு பை நிறையக் கொண்டுவந்து கொட்டினார். ஈரம் காயாத பழம். வீடே சிவந்துபோனது மாதிரி இருந்தது.

காம்பைக் கிள்ளி, துணியால் துடைத்து, உப்பு, கொஞ்சம் புளி, பூண்டு, சின்ன வெங்காயம் சேர்த்து அரைக்க வேண்டும். எதையும் வதக்கக் கூடாது. தாளிக்கவும் கூடாது. வழித்தெடுத்த பிறகு நல்லெண்ணெயைப் பச்சையாக மேலே ஊற்ற வேண்டும். அவ்வளவுதான். இதில் தப்பு செய்ய இடமே இல்லை. எனக்கு மட்டும் எப்படியோ இடம் கிடைத்துக்கொண்டே இருந்தது.

இன்று மிக்ஸியில் அரைத்தேன். அவர் இருந்தவரை மிக்ஸி கூடாது, அம்மிதான். அவருடைய அம்மா அம்மியில்தான் அரைத்தார்களாம்.

மதினி வந்து இட்லியில் ஒரு ஓரத்தை மட்டும் தொட்டு நாக்கில் வைத்தார். கண்ணை மூடினார். தம்பியும் இப்படித்தான் செய்வார். அந்த ஒரு நிமிசம் நான் கரண்டியைக் கீழே வைக்க மாட்டேன். இன்றும் வைக்கவில்லை.

"உப்பு தூக்கல். எங்கம்மா வச்சா விறுவிறுன்னு ஏறி, பெறகு ஒரு இனிப்பு வரும். இதுல வெறும் ஏத்தம்தான்."

தம்பியின் கடைசி வார்த்தை 'முருகா' என்று ஊரெல்லாம் சொல்லி வைத்திருக்கிறார் மதினி. மதினி அப்போது இங்கே இல்லை. நான்தான் இருந்தேன். ஞாயிற்றுக்கிழமை காலை, தட்டைப் பார்த்தபடி அவர் சொன்னது "புளி கூடிப்போச்சு." பிறகு தோளைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். நான் யாரிடமும் சொல்லவில்லை. முருகா என்பது நன்றாகத்தான் இருக்கிறது.

பிப்ரவரி 21

கை எரிகிறது. எழுத முடியவில்லை.

பிப்ரவரி 24

இரண்டாவது ஒத்திகை. இந்த முறை அம்மியில். உப்பைக் குறைத்தேன்.

மதினி: "உப்புப் பத்தல."

கை எரிச்சலுக்குத் தயிரில் கையை விட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கும்போது இசை போன் செய்தாள். மகள். குலதெய்வத்தின் பேரில் இசக்கியம்மாள் என்று வைத்தோம். கோயம்புத்தூர் ஆபீசில் அதை இசை என்று நறுக்கிக்கொண்டாள்.

"அம்மா, எதுக்கு இப்பிடிக் கஷ்டப்படுற? கடையில ஒரு பாட்டில் வாங்கி எலையில வையி. அப்பாவா வந்து திங்கப் போறாங்க?"

"அத்தை வந்து திம்பாகல்ல."

"அத்தைக்கு என்ன தெரியும்?"

"உங்கப்பாவப் பெத்தவுக கைப்பக்குவம் தெரியும்."

அவள் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவர் ஒன்றும் கெட்ட மனுசர் இல்லை. அடித்ததில்லை, குடித்ததில்லை. ராஜபாளையத்தில் நூல்மில் சூப்பர்வைசர். திங்கட்கிழமை விடியற்காலை பஸ் ஏறினால் சனிக்கிழமை சாயங்காலம்தான் வீடு. ஞாயிற்றுக்கிழமை காலையில் இட்லியும் மிளகாய்ப்பழச் சட்னியும் வேண்டும். பழம் கிடைக்காத மாதங்களில் வத்தலை ஊறவைத்தாவது அரைக்க வேண்டும். தட்டு முன்னால் உட்கார்ந்து, ஒரு விள்ளல் தொட்டு வாயில் வைத்து, ஒற்றை விரலால் சட்னிக் கிண்ணத்தை அரை அடி தள்ளுவார். "ம். எங்கம்மா வைக்கிற மாதிரி இல்ல."

பிறகு முழுக் கிண்ணத்தையும் காலி செய்வார். அது தனி.

நான் என்னதான் செய்யவில்லை? சாத்தூர்ப் பழம் வாங்கினேன், ராமநாதபுரத்து உருண்டை மிளகாய் வாங்கினேன். புளியை மாற்றினேன். செக்கு எண்ணெய்க்கு நடந்தேன். ஒருமுறை, இசை வயிற்றில் ஏழு மாதம், அம்மியில் குனிந்து அரைத்துவிட்டு நிமிர முடியாமல் அப்படியே சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அன்றைக்காவது ஏதாவது சொல்வார் என்று பார்த்தேன். சொன்னார். பூண்டு பச்சை வாடை அடிக்கிறதாம்.

பிப்ரவரி 27

இன்று ஒன்று நடந்தது. முறையாக எழுதிவிடுகிறேன், பிறகு நானே நம்பமாட்டேன்.

மதினி வாழை இலைக்குச் சொல்லிவிட்டு வந்தார். "ரெண்டு எலை போடணும் வடிவு. தம்பிக்கு ஒண்ணு, எங்கம்மாவுக்கு ஒண்ணு. அம்மா எலையில மட்டும் காரம் எதுவும் வச்சிராத."

"ஏன் மதினி?"

"அம்மாவுக்கு வயித்துப் புண்ணுல்லா. மிளகா வறுத்த நெடி வந்தாலே எந்திரிச்சுத் தெருவுக்குப் போயிரும். எங்க வீட்ல மிளகாயே வாங்க மாட்டோம். மிளகு ரசமும் பருப்புஞ் சோறுந்தான், நான் கட்டிக்கிட்டுப் போற வரைக்கும்."

நான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். கை நின்றுவிட்டது.

"அப்ப சட்னி?"

"எந்தச் சட்னி?"

"மிளகாப்பழச் சட்னி. உங்கம்மா வைக்கிறது."

மதினி என்னைப் பார்த்தார், பிறகு படத்தைப் பார்த்தார், பிறகு கீரையைப் பார்த்தார். கீரையில் பூச்சி இருக்கிறது என்றார்.

"மதினி. உங்கம்மா அந்தச் சட்னியை வச்சாகளா இல்லையா?"

"அவன் ஏதோ சொல்லுவான்."

"நீங்களும் ஆமான்னீகளே? போன வாரம் கண்ண மூடிப் பாத்துட்டு, ஏத்தம் இருக்கு, இனிப்பு இல்லேன்னீகளே?"

"தம்பி சொல்லும்போது நான் இல்லேன்னு எப்பிடிச் சொல்லுவேன்? அம்மா பேர நல்லாத்தானே சொல்றான்னு இருந்துட்டேன்." முந்தானையை உதறிக்கொண்டு எழுந்தார். "சொல்லிச் சொல்லி எனக்கே அம்மா வச்ச மாதிரித்தான் இருக்கு. நீ இதப் பெருசு பண்ணாத."

வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டு திரும்பி, "எலையில அந்தச் சட்னி கண்டிப்பா இருக்கணும்" என்று சொல்லிவிட்டுத்தான் போனார்.

பிப்ரவரி 28

சமைக்கவில்லை. பழையது இருந்தது.

மார்ச் 1

ஏத்தமும் பிறகு இனிப்பும் என்று அவ்வளவு துல்லியமாகச் சொன்னாரே, அந்த ருசியை எங்கேயோ சாப்பிடாமலா சொல்லியிருப்பார்? இது சாதாரண சந்தேகம். யாருக்கும் வரும்.

படையலில் வைக்க அவருடைய சட்டை ஒன்று வேண்டும் என்று, மில்லில் இருந்து வந்த தகரப் பெட்டியைத் திறந்தேன். அவர் தங்கியிருந்த அறைச் சாமான்கள். ஒரு வருசமாகக் கட்டிலுக்கு அடியில் அப்படியே கிடந்தது. நேரம் கிடைக்கவில்லை.

இரண்டு சட்டை, ஒரு மப்ளர், அலாரம் கடிகாரம், முகம் பார்க்கும் கண்ணாடி. அடியில் ஒரு எவர்சில்வர் டப்பா. எங்கள் வீட்டு டப்பா இல்லை. மூடியில் பேர் வெட்டியிருந்தது: சுந்தரவல்லி.

திறந்து மோந்து பார்த்தேன். ஒரு வருசம் மூடிக் கிடந்தும் பூண்டும் நல்லெண்ணெயும் வாசம் அடித்தது.

மார்ச் 2

டப்பாவைப் புளி போட்டுத் தேய்த்தேன். பிறகு சாம்பல் போட்டுத் தேய்த்தேன். பளபளவென்று இருக்கிறது. பேர் இன்னும் நன்றாகத் தெரிகிறது.

இசையிடம் போனில் சொன்னேன்.

"அம்மா, நீ ஏதாச்சும் நினைச்சுக்கிட்டு…"

"நான் என்ன நினைச்சேன்? டப்பா யாரோடதோ, திருப்பிக் குடுக்கணும். அடுத்த வீட்டுச் சாமான வச்சிக்கிறது தப்பு."

"எங்க போயித் திருப்பிக் குடுப்ப?"

அதற்குள் நான் மப்ளரைச் சுற்றியிருந்த பழைய காலண்டர் தாளைப் பார்த்திருந்தேன். சுந்தரவல்லி மெஸ், தென்காசி ரோடு, ராஜபாளையம். மேலே லட்சுமி படம். அதை அவளிடம் சொல்லவில்லை.

மார்ச் 4

மதினியிடம் சங்கரன்கோவிலுக்குப் போகிறேன் என்றேன். பொய் இல்லை, பஸ் சங்கரன்கோவில் வழியாகத்தான் போகிறது.

இசை வாங்கித் தந்த மாம்பழக் கலர் சேலையைக் கட்டிக்கொண்டேன். வருசம் முடியாமல் கட்ட வேண்டாம் என்று வைத்திருந்தது. பஸ்ஸில் கசங்காத சேலை அது ஒன்றுதான். முந்தின நாளே இரண்டு தடவை இஸ்திரி போட்டிருந்தேன்.

மெஸ் என்றால் ஒரு வீட்டின் முன்கூடம். நாலு பெஞ்சு, நாலு மேசை. பதினோரு மணி இருக்கும், டிபன் முடிந்து சாப்பாடு தொடங்காத நேரம். ஒரு அம்மா தரையில் உட்கார்ந்து பூசணிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். அறுபது வயது இருக்கும். காய்ந்த முருங்கைக்காய் மாதிரி உடம்பு, மூக்குக் கண்ணாடிக்கு ஒரு பக்கம் கயிறு. நான் நினைத்துக்கொண்டு போன ஆள் வேறு. (நான் எதையும் நினைத்துக்கொண்டு போகவில்லை.)

"சாப்பாடு பன்னெண்டரைக்குத்தாம்மா."

"சாப்பிட வரல. இந்த டப்பா உங்களுதா?"

வாங்கித் திருப்பிப் பார்த்தார். கண்ணாடியை ஏற்றிக்கொண்டு பேரைப் படித்தார். "இது தவசி சாருகிட்டல்ல இருந்துச்சு?" அரிவாள்மணையை மடக்கிவிட்டு எழுந்தார். "நீங்க?"

"அவுக வீட்டுக்காரி. கோவில்பட்டியிலருந்து வாரேன்."

அந்த அம்மா என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். அந்தச் சேலையைக் கட்டிப் போனது நல்லதாகப் போயிற்று.

"வடிவா?"

"ஆமா."

"நீங்கதான் வடிவா! எம் பொழப்பக் கெடுத்த மகராசி நீங்கதானா!"

நான் பதில் தயாராக வைத்திருந்தேன், பஸ்ஸிலேயே மூன்று விதமாக. ஒன்றும் இதற்குப் பொருந்தவில்லை.

என்னை உட்காரவைத்து, மோர் கொடுத்துவிட்டு, சொன்னார். இருபது வருசமாக அவர் அங்கேதான் சாப்பிட்டாராம். காலையில் இட்லியும் மிளகாய்ச் சட்னியும். முதல் நாளே ஒரு விள்ளலைத் தொட்டு வாயில் வைத்துவிட்டு, கிண்ணத்தை ஒற்றை விரலால் தள்ளி, "ம். எங்க வீட்ல வடிவு வைக்கிற மாதிரி இல்ல" என்றாராம்.

"என்ன சொன்னாக?"

"எங்க வீட்ல வடிவு வைக்கிற மாதிரி இல்லன்னு."

"எப்பிடிச் சொன்னாக?"

விரலால் தள்ளிக் காட்டினார். அதே விரல், அதே தள்ளல். முகத்தைக்கூட அப்படியே வைத்துக்கொண்டார். இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன். சரியாகக் காதில் விழவில்லை.

"ஒரு நாளா, ரெண்டு நாளா? வடிவு கையில சட்னி அரைச்சா மொதல்ல விறுவிறுன்னு ஏறும், பெறகு ஒரு இனிப்பு வரும்னு சொல்லுவாரு. சொல்லும்போது கண்ண மூடிக்குவாரு. எனக்கு ஆத்திரமா வரும். நானும் மிளகாய மாத்தினேன், எண்ணெய மாத்தினேன். மாரித்தாயின்னு ஒரு பொண்ணு அரைச்சுக்கிட்டிருந்தா. இவ கைதான் சரியில்லன்னு அவளையும் நிப்பாட்டிட்டேன். நாலு வருசம் அரைச்ச புள்ள."

"டப்பா எப்பிடி அவுககிட்ட வந்துச்சு?"

"நாந்தான் குடுத்தேன். ஒரு சனிக்கிழம, 'சார், இத வீட்டுக்குக் கொண்டுபோயி வடிவம்மாகிட்டக் குடுங்க, தின்னு பாத்து என்ன கொறைன்னு சொல்லட்டும்'னு குடுத்துவிட்டேன். திங்கக்கிழம வந்து, 'வடிவு சாப்பிட்டா. முயற்சி பரவால்லேன்னா' அப்படின்னாரு."

அந்த டப்பா எங்கள் வீட்டு வாசலை மிதித்ததே இல்லை. நான் அந்தச் சட்னியைக் கண்ணால் பார்த்ததில்லை. அறையில் உட்கார்ந்து தனியாக வழித்துத் தின்றிருக்கிறார், மூடியில் ஒட்டியது வரை. அவ்வளவு பிடித்திருக்கிறது.

சொன்னேன். என்னிடம் அவர் என்ன சொன்னார் என்பதையும் சொன்னேன், அம்மா வைத்த சட்னிக் கதையை.

"அம்மாவா?" சுந்தரவல்லி அக்காவுக்குக் கண்ணாடி மூக்கு நுனிக்கு வந்துவிட்டது. "அந்தம்மாவுக்குத்தான் காரமே ஆகாதாமுல்ல? ஒரு தடவ காச்சல்ல கெடந்தப்ப, 'எங்கம்மா மிளகு ரசம் மட்டுந்தான் வைக்கும், அது மாதிரி வச்சுக் குடுங்க'ன்னாரே!"

உண்மையை இங்கே சொல்லியிருக்கிறார். எனக்குத்தான் பொய்.

உள்ளே குக்கர் நாலு விசில் அடித்தது. இரண்டு பேரும் எழுந்து போகவில்லை. பிறகு அந்த அக்காதான் முதலில் சிரித்தார். "அப்ப எஞ் சட்னி நல்லாத்தான் இருந்திருக்கு" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தார். சட்டென்று நிறுத்தி, "அந்த மாரித்தாயத்தான் பாவம்…" என்றார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபது வருசம், வாரத்துக்கு ஆறு நாள் என் பேரைச் சொல்லி மெச்சிய மனுசன், அதில் ஒரு வார்த்தையைக் கோவில்பட்டி பஸ்ஸில் ஏற்றிக் கொண்டுவந்திருந்தால் என்ன? கையில் கனக்குமா?

திதிக்கு வரச் சொன்னேன். ஏன் சொன்னேன் என்று தெரியவில்லை. வருகிறேன் என்றார். "வடிவம்மா சட்னிய ஒரு தடவ தின்னு பாத்துட்டாத்தான் எனக்குத் தீரும்."

மார்ச் 5

எல்லாத் துணியையும் துவைத்தேன். துவைத்தவற்றையும் துவைத்தேன்.

மார்ச் 8

மதினிக்குத் தெரிந்துவிட்டது. ராஜபாளையம் பஸ்ஸில் என்னைப் பார்த்த யாரோ சொல்லியிருக்கிறார்கள், சேலை நிறம் உட்பட.

"எதுக்குப் போன?"

"டப்பா குடுக்க."

"என்ன டப்பா?"

எல்லாம் சொன்னேன். மதினி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். எனக்காக வருத்தப்படுகிறார் என்று நினைத்தேன்.

"அப்ப எந் தம்பி அங்க அம்மா பேரச் சொல்லலையா?" என்றார்.

அழுதார். நிஜமாகவே அழுதார். காப்பி போட்டுக் கொடுத்தேன்.

மார்ச் 10

இசை வந்துவிட்டாள். மாவு அரைத்தாயிற்று. கீரைக்கார அம்மா கடைசிப் பழம் கொண்டுவந்தார். அவ்வளவு சிவப்பு இல்லை, பரவாயில்லை.

"அப்பா நிஜமாவே உன் சட்னி பிடிச்சுத்தான் அங்க சொல்லியிருப்பாங்களோம்மா?" என்று கேட்டாள்.

"எனக்கென்ன தெரியும்?"

"உனக்கு எப்பிடித் தோணுது?"

தேங்காய் துருவச் சொல்லி அனுப்பினேன்.

நான் யோசித்துப் பார்த்துவிட்டேன். பிடித்திருந்ததால் சொன்னார் என்றால், எனக்கு ஏன் சொல்லவில்லை என்று கோபம் வருகிறது. அந்த அக்காவை மட்டம் தட்டத்தான் சொன்னார் என்றால், அதைவிட அதிகமாக வருகிறது. இரண்டில் எது என்று கேட்க ஆள் இல்லை. இருந்தாலும் சொல்லமாட்டார். பருப்பில் உப்பு இருக்கிறதா என்று திருப்பிக் கேட்பார்.

மார்ச் 12

திதி முடிந்தது.

காலை எட்டு மணிக்கே சுந்தரவல்லி அக்கா வந்து இறங்கினார், கையில் அதே டப்பா. "படையல்ல வைக்கலாமா?" என்று கேட்டார். வைக்கலாம் என்றேன்.

மதினி அடுப்படி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். "யாரு?"

"அவுக சாப்பிட்ட மெஸ்காரவுக."

மதினி மேலும் கீழும் பார்த்தார். அக்காவும் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு மதினியை மேலும் கீழும் பார்த்தார். இசை நடுவில் புகுந்து எல்லாருக்கும் காப்பி கொடுத்தாள்.

இரண்டு இலை போட்டோம். மாமியார் இலையில் மிளகு ரசமும் பருப்பும் சோறும். இத்தனை வருசத்தில் அவருக்குப் பிடித்ததை இன்றுதான் முதன்முதலாகச் சமைத்திருக்கிறேன். வீட்டுக்காரர் இலையில் எல்லாம் வைத்து, ஓரத்தில் இரண்டு சட்னி. ஒன்று நான் காலையில் அரைத்தது, ஒன்று ராஜபாளையத்துச் சட்னி. சூடம் காட்டி விழுந்து கும்பிட்டோம்.

பிறகு பந்தி. நான் அக்காவுக்குப் பக்கத்திலேயே நின்றேன். அவர் முதலில் இலையில் வேறு எதையும் தொடவில்லை. இட்லியைப் பிட்டு, என் சட்னியில் தோய்த்து, வாயில் வைத்தார். மெல்ல மென்றார். இன்னொரு விள்ளல் எடுத்தார். அதையும் மென்றார். கரண்டியைக் கீழே வைக்காமல் பழையபடி நின்றேன். ஐம்பத்தொரு வயதில், ஒரு மெஸ்காரம்மா முன்னால்.

அக்கா நிமிர்ந்து பார்த்தார்.

"இதுக்கா?"

"என்னக்கா?"

"இதுக்கா அந்த மனுசன் இருபது வருசம் என்னைய அந்தப் பாடு படுத்தினாரு? நல்லாருக்கு. நல்லா இல்லேன்னு சொல்லல. ஆனா இது… சட்னி. அவ்வளவுதான். எல்லா வீட்லயும் இருக்கிற சட்னி!"

எங்கிருந்து வந்ததோ தெரியவில்லை, சிரிப்பு வந்துவிட்டது. பரிமாறும் கரண்டியோடு அப்படியே தரையில் உட்கார்ந்து சிரித்தேன். ஒரு வருசத்தில் நான் சிரிக்கவே இல்லையாம், இசை பிறகு சொன்னாள். அக்கா பயந்துபோய், "கோவிச்சுக்கிட்டீகளா?" என்று என் கையைப் பிடித்தார். நான் எழுந்து அவருடைய டப்பாவில் விரலால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்தேன்.

"உங்களுதும் அப்படித்தான் இருக்கு" என்றேன்.

"பூண்டு கூடிப்போச்சோ?"

"பூண்டெல்லாம் சரிதான். சட்னி, அவ்வளவுதான்."

அவரும் சிரித்தார். இசை இரண்டையும் தொட்டுப் பார்த்துவிட்டு, எது யாருடையது என்றே தெரியவில்லை என்றாள். எதிர்ப் பந்தியில் மதினி மட்டும் சிரிக்காமல் உட்கார்ந்திருந்தார். அவர் இலையிலும் இரண்டு சட்னி இருந்தன. முதலில் ஒன்றைத் தொட்டார், பிறகு மற்றதைத் தொட்டார். கண்ணை மூடினார். நாங்கள் மூன்று பேரும் பேச்சை நிறுத்திவிட்டு அவரையே பார்த்தோம்.

மதினி கண்ணைத் திறந்து பார்த்தார். எங்களைப் பார்த்ததும் என்ன சொல்ல வந்தாரோ அதை விழுங்கிவிட்டார்.

"இன்னும் ரெண்டு இட்லி வையி" என்றார்.

சாயங்கால பஸ்ஸுக்கு அக்கா கிளம்பினார். மாரித்தாயின் வீடு சத்திரப்பட்டிப் பக்கம் எங்கோ இருக்கிறதாம். நாளைக்கே போய்க் கூப்பிடப் போகிறாராம். "வருவாளோ, வெளக்குமாத்தத் தூக்குவாளோ" என்றார். தூக்கினால் வாங்கிக்கொள்ளுங்கள் என்றேன். எனக்கும் சேர்த்து.

அதன் பிறகும் ஆட்கள் வந்துகொண்டுதான் இருந்தார்கள். மில்லில் கூட வேலை பார்த்தவர்கள், தெருக்காரர்கள். வந்தவர்கள் எல்லாரும் படத்துக்கு முன்னால் நின்று ஒரே மாதிரி சொன்னார்கள்: தவசிலிங்கம் மாதிரி ஒரு மனுசன் கிடைக்கமாட்டார், என்ன குணம், என்ன பொறுமை, யாரையும் ஒரு சொல் கடிந்து சொன்னதில்லை.

யோசித்துப் பார்த்தேன். ராஜபாளையத்தில் இருக்கும்போது கோவில்பட்டி ருசி. கோவில்பட்டிக்கு வந்தால் செத்துப்போன அம்மா ருசி. கண்ணுக்கு முன்னால் தட்டில் இருந்தது மட்டும் அந்த மனுசனுக்கு ஒரு நாளும் நாக்கில் ஏறவில்லை. இப்போது அவரே கண்ணுக்கு முன்னால் இல்லை. அதனால்தான் ஊர் இப்படி மெச்சுகிறது போலிருக்கிறது.

கடைசியாக வந்தது பக்கத்து வீட்டு அம்மா. என் கையைப் பிடித்துக்கொண்டு, "அவுக மாதிரி வருமா வடிவு?" என்றார்.

"வராதுக்கா" என்றேன். மனசாரத்தான் சொன்னேன்.